உட்கார்ந்து பார்க்கிற வேலை

பந்து எறிந்து பிழைத்தவனுக்கு ஓய்வு ஒரே நாளில் வந்துவிடாது. முதலில் தோள்மூட்டு ஓய்வு பெறும். அடுத்து, அவனைப் பற்றிப் பத்திரிகையில் எழுதுகிறவர்கள் ஓய்வு பெறுவார்கள். (என்னைப் பற்றி எழுதியவர் ஒரே ஒருவர்தான். அவரும் என் பெயரைப் பிழையாக எழுதினார்.) கடைசியாகத்தான் கால்கள். என்னுடைய கால்கள் இன்றுவரை சம்மதிக்கவில்லை. என் முப்பத்துநாலாவது வயதில், ஒரு கதிரையில் மூன்று மணிநேரம் சும்மா இருந்தால் போதும் என்று எனக்கொரு வேலை வந்தது. அதைக்கூட ஒழுங்காகச் செய்யத் தெரியாதவன் நான் என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

நான் பேஸ்போல் விளையாடியவன். இடதுகையால் பந்து எறிபவன். பதினொரு ஆண்டுகளில் ஒன்பது அணிகள். தொலைக்காட்சியில் வருகிற அணிகள் அல்ல. அவற்றுக்குக் கீழே, அதற்கும் கீழே, பன்னிரண்டு மணிநேரம் பஸ்ஸில் போய் ஒரேயொரு போக்குவரத்து விளக்கு உள்ள ஊரில் விளையாடுகிற அணிகள். ஓர் ஊரில் என்னை விலக்கிய செய்தியை நான் குளித்துக்கொண்டிருந்தபோது கதவுக்கு வெளியே நின்று சொன்னார்கள். சவர்க்காரத்தைக் கழுவிக்கொண்டு வருவதற்குள் என் அலுமாரியில் வேறொருவனின் பெயர் ஒட்டியிருந்தது.

மன்னாரிலிருந்து வந்த அப்பாவுக்கு இந்த விளையாட்டு கடைசிவரை பிடிபடவில்லை. பதினொரு ஆண்டும் தொலைபேசியில் ஒரே கேள்விதான்: "இண்டைக்கு எத்தினை விக்கெற்?" முதலாம் ஆண்டு விளக்கம் சொல்லிப் பார்த்தேன். இரண்டாம் ஆண்டிலிருந்து "மூண்டு, அப்பா" என்று சொல்லத் தொடங்கினேன். அவருக்கும் சந்தோஷம், எனக்கும் கௌரவம்.

பத்தாவது அணி கூப்பிடவில்லை. நான் ஸ்காபரோவில், மல்வேர்னில் இருந்த எங்கள் வீட்டுக்கு, மனைவி ஷிரோமியிடம் முழுநேரக் கணவனாகத் திரும்பி வந்தேன். வந்த முதல் மாதத்தில் சோபாவை நான்கு தரம் இடம் மாற்றினேன். தேவையில்லாத ஒரு சுவரில் துளை போட்டேன். பிறகு துளையை மறைக்க ஒரு படம் மாட்டினேன். பிறகு அந்தப் படம் நேராக இல்லையென்று இன்னொரு துளை போட்டேன். மருந்துக்கடை வேலை முடிந்து வந்த ஷிரோமி காலணியைக்கூடக் கழற்றாமல் வாசலில் நின்றாள்.

"இஞ்சாருங்கோ, ஒவ்வொரு நாளும் வேற ஆரின்டையோ வீட்டுக்குள்ள வாற மாதிரிக் கிடக்கு. தயவுசெய்து ஒரு வேலை தேடுங்கோ."

வேலை தானாகவே வந்தது. அமெரிக்காவில் ஒரு கழகம் ஒன்ராறியோவில் இளம் ஆட்டக்காரர்களைக் கண்காணித்துச் சொல்ல ஓர் ஆளைத் தேடியது. அந்த வேலைக்கு ஸ்கவுட் என்று பெயர். மைதானத்துக்குப் போக வேண்டும், பந்தைத் தடுக்கிற வலைக்குப் பின்னால் இருக்க வேண்டும், பார்த்ததை அறிக்கையாக எழுத வேண்டும். பிராந்தியப் பொறுப்பாளர் மார்லீன் என்ற பெண்மணி. அவரை நான் அதுவரை நேரில் கண்டதில்லை. தொலைபேசியில் அவர் தந்த அறிவுரை சுருக்கமானது: "ஆட்டக்காரரோடு பேசாதே. யாருக்கும் புத்தி சொல்லாதே. ஒரு மரத்தைப் போல இரு." ஓர் ஆட்டம் பார்த்து எழுதிக் கொடுக்க வேண்டும். அறிக்கை நன்றாக இருந்தால் வேலை.

மரத்தைப் போல. என்னை.

நான் பார்க்க வேண்டியவன் பாரிஸ் என்ற இருபது வயது இளைஞன். வெக்ஸ்போர்ட்டில் வளர்ந்த இலங்கை முஸ்லிம் பிள்ளை. தகப்பன் வீடுகளுக்குத் தரை ஓடு பதிப்பவர். பாரிஸ் மட்டை பிடித்தால் பந்து திரும்பி வராது என்று பேச்சு. பருவம் தொடங்குமுன், மே மாதத்தில் ஒரு சனிக்கிழமை, ஸ்காபரோவில் ஒரு பூங்கா மைதானத்தில் சிநேகபூர்வ ஆட்டம். எங்களிடம் இருந்தது ஒரே கார். பின்னேரம் அவளைக் கடையில் இறக்க வேண்டும் என்பதால் ஷிரோமியும் வந்தாள், ஒரு பெட்டி மட்டன் ரோல்ஸோடு.

வலைக்குப் பின்னால் வேறு கழகங்களின் ஸ்கவுட்மார் மூன்று பேர் ஏற்கெனவே இருந்தார்கள். ஓலைத் தொப்பி, மடியில் குறிப்பேடு. கோயிலில் புனிதர்களின் சுரூபங்கள்கூட அவ்வளவு அசையாமல் இருந்து நான் கண்டதில்லை. நானும் இருந்தேன். பந்தின் வேகத்தை அளக்கிற ரேடார் கன்னைக் கையில் பிடித்தேன். ஐந்து நிமிடம் போயிருக்கும். வலது கால் ஆடத் தொடங்கியது. வலது காலை இடது காலால் அமர்த்தினேன், இரண்டும் ஆடின. சப்பாத்து நூலை நான்கு தரம் கட்டினேன். எழும்பி இடப்பக்கம் போய்ப் பார்த்தேன், பிறகு வலப்பக்கம்.

"இருங்கோவன்!" என்றாள் ஷிரோமி. "பின்னுக்கு இருக்கிற அன்ரிக்கு மறைக்குது."

மன்னிப்புக் கேட்டுவிட்டு இருந்தேன். அன்றைக்கு நான் செய்த கடைசி நல்ல காரியம் அதுதான்.

எதிரணியின் எறிபவர்கள் இரண்டு பேரை ஏற்றி வந்த வான் நானூற்றொன்றாம் நெடுஞ்சாலையில் சிக்கிக் கிடந்தது. எறிந்துகொண்டிருந்த ஒரே ஆளுக்கும் விரலில் கொப்புளம் உடைந்துவிட்டது. அந்த அணியின் பயிற்சியாளர் கெவின் கையைப் பிசைந்துகொண்டு நாலாபக்கமும் பார்த்தான். கெவின் என்னுடைய ஆறாவது அணியில் என்னோடு விளையாடியவன். அவன் கண் வலையைத் தாண்டி என்மேல் வந்து நின்றது.

"அன்ரன்! உன் கை இன்னும் வேலை செய்கிறதா?" என்று ஆங்கிலத்தில் கத்தினான்.

இல்லை என்று சொல்லியிருக்கலாம். தலையைக் குனிந்து எழுதுவது போலப் பாவனை செய்திருக்கலாம். ஆனால் என் மூளை அந்த இரண்டு விநாடியில் ஒரு முழு வாதத்தையே தயாரித்துவிட்டது: ஒருவன் எப்படி அடிப்பான் என்று அறிய அவனுக்கு நேரே நின்று எறிவதைவிடச் சிறந்த வழி உண்டா? இது விளையாட்டில்லை. இது ஆராய்ச்சி. ஆராய்ச்சியாளர் ரேடார் கன்னை மனைவியின் கையில் கொடுத்தார்.

"இதைப் பிடிச்சுக்கொண்டிரும். நான் எறியேக்கை இந்த விசையை அமத்தினால் நம்பர் வரும். வாசிச்சு வையும்."

"நீங்கள் எங்க போறியள்?"

"ரண்டு நிமிசம்."

கெவின் தந்த சட்டை எனக்கு இரண்டு அளவு சிறியது. கீழே என்னுடைய சொந்த ஜீன்ஸ். ஆனால் எறிபவன் நிற்கிற அந்த மண்மேட்டில் ஏறி நின்றதும் இரண்டு கால்களும் சட்டென்று அடங்கிவிட்டன. எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு நான் அசையாமல் நின்றது அங்கேதான். எதிரே பாரிஸ் மட்டையோடு வந்து நின்றான்.

பழைய நினைப்பில் முதல் பந்தை எறிந்தேன். என் கணக்கில் அது மின்னல். பந்து தரையில் குத்தி, பிடிப்பவனின் முழங்காலில் பட்டு உருண்டது. அந்த அமைதியில் வலைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் கணீரென்று எழுந்தது:

"எழுபத்தொண்டு!"

வாசித்து வைக்கச் சொன்னதை அவள் வாய்விட்டு வாசிக்கச் சொன்னதாக விளங்கிக்கொண்டிருந்தாள். போதாததற்கு, "என்னப்பா, எழுபத்தொண்டு நல்லதோ?" என்றும் கேட்டாள். மணிக்கு எழுபத்தொரு மைல். இந்த விளையாட்டில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் எண்பதில் எறிவார்கள். சுரூபங்களில் ஒன்று முதல் முறையாக அசைந்தது. அதன் தோள்கள் குலுங்கின.

இரண்டாவது பந்தில் நான் யாரென்று காட்ட நினைத்தேன். இருக்கிற பலம் எல்லாவற்றையும் திரட்டி எறிந்தேன். பந்து என் கையை விட்ட அந்தக் கணமே தெரிந்துவிட்டது. அது நேரே பாரிஸின் தலையை நோக்கிப் போனது. அவன் புழுதியில் விழுந்தான். பந்து அவனுடைய தொப்பிக்குப் பின்னால் ஒரு சாண் இடைவெளியில் கடந்துபோய் வலையில் அடித்தது.

"டேய்! எங்க இருந்துடா வந்தான் இவன்? எண்ட புள்ளயக் கொல்லப் பாக்கிறானே!" பார்வையாளர் பக்கத்தில் தகப்பன் எழும்பி நின்று தமிழில் கத்தினார்.

என்னையறியாமல் நானும் தமிழில் கத்தினேன்: "மன்னிச்சுக்கொள்ளுங்கோ அங்கிள்! கை வழுக்கிட்டுது!"

அவர் அப்படியே நின்றுவிட்டார். "தமிழா நீ?"

"ஓம்!"

"அப்ப கொஞ்சம் பாத்து எறி தம்பி!"

"அறுபத்தொம்பது!" என்றாள் ஷிரோமி.

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தப் பிள்ளையின் கண்ணிலோ நெற்றியிலோ பட்டிருந்தால்? அவனைப் பார்க்க மூன்று கழகங்கள் வந்திருந்த நாளில், கதிரையில் இருக்க முடியாத ஒருவனின் அரிப்புக்காக அவனுடைய வாழ்க்கையே முடிந்திருக்கும். பாரிஸ் எழும்பினான். புழுதியைத் தட்டினான். என்னை ஒரு தரம் பார்த்தான், கோபமில்லாமல். முன்பு நின்ற அதே இடத்தில், அதே அடையாளத்தில் காலை வைத்து நின்றான்.

மூன்றாவது பந்தை மெதுவாக, வளைத்து, மன்னிப்பைப் போல எறிந்தேன். அவன் அதை வேலிக்கு மேலாலும், வேலிக்கு அப்பால் இருந்த மரங்களுக்கு மேலாலும் அனுப்பினான். அந்தப் பந்தை ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. அது போன திசையைத் திரும்பிப் பார்த்ததில் எனக்குக் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது. நான் மண்மேட்டில் உட்கார்ந்துவிட்டேன். (அன்றைக்கு நான் உண்மையாக உட்கார்ந்திருந்த ஒரே தருணம்.) அடித்தவனுக்குரிய சுற்றை ஓடிவந்த பாரிஸ் என் அருகில் வேகத்தைக் குறைத்தான்.

"யூ ஓகே, அங்கிள்?"

அவன் அடித்த அடி வலிக்கவில்லை. அந்த ‘அங்கிள்’ வலித்தது.

கெவினும் இன்னொருவனும் தாங்கிப் பிடித்து என்னை வலைக்குப் பின்னால் கொண்டுவந்து விட்டார்கள். ஷிரோமியின் பக்கத்தில், முன்பு நான் மறைத்ததாகச் சொன்ன அந்த அன்ரி இருந்தார். கையில் பாதி தின்ற ரோல்ஸ்.

"நான் மார்லீன்," என்றார்.

சொல்லாமல் வந்திருக்கிறார். நான் மைதானத்தில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தபோது ஷிரோமி அவருக்கு ரோல்ஸ் கொடுத்து, நான் பூசையில்கூடப் பின்கதவடியில் நடந்துகொண்டுதான் நிற்பேன் என்பது உட்பட, என் முழு வரலாற்றையும் சொல்லி முடித்திருந்தாள்.

"உன் மனைவி எண்களைத் தெளிவாக வாசிக்கிறார்," என்றார் மார்லீன். "உன்னை மரம் மாதிரி இருக்கச் சொன்னேன். இப்போது அந்தப் பையன் அடித்த அடியை வைத்து நான் என்ன செய்வது? அந்தப் பந்தை நானே அடித்திருப்பேன்." எழும்பித் தொப்பியைச் சரி செய்தார். "நாளைக்கு எனக்கு இரண்டு அறிக்கை வேண்டும். ஒன்று பாரிஸைப் பற்றி. மற்றது அந்த இடதுகைக்காரனைப் பற்றி."

மறுநாள் பூசை முடிந்து வந்து சாப்பாட்டு மேசையில் இருந்தேன். பாரிஸைப் பற்றியது சுலபம். மற்றவர்கள் எழுதக்கூடியதை எல்லாம் எழுதிவிட்டு, அவர்களால் எழுத முடியாத ஒன்றையும் சேர்த்தேன்: தலைக்கு வந்த பந்துக்கு அடுத்த பந்தில் இவனுடைய முன்கால் ஓர் அங்குலம்கூடப் பின்வாங்கவில்லை. எதிரே நின்று பார்த்தேன்.

மற்ற அறிக்கை இப்படி முடிந்தது: "இடதுகை. வயது முப்பத்துநாலு. வேகம் இல்லை. கட்டுப்பாடும் இல்லை, மட்டை பிடிப்பவர்களுக்கு ஆபத்து. விளையாட்டு முடிந்துவிட்டது என்று இவருக்குப் பலர் சொல்லியிருக்கிறார்கள், இவர் கேட்கவில்லை. ஒப்பந்தம் வேண்டாம்." அந்தக் கடைசி இரண்டு சொற்களை எழுத ஒன்றரை மணிநேரம் எடுத்தது. இடையில் ஏழெட்டுத் தரம் எழும்பிக் குசினியைச் சுற்றினேன். சோபாவை ஒரு தரம் நகர்த்தினேன். எழுதி முடித்து ஷிரோமியிடம் நீட்டினேன். அவள் வாசித்தாள், என் தோளில், அந்த இடது தோளில், கையை வைத்தாள்.

திங்கட்கிழமை மார்லீன் அழைத்தார். "முன்காலைப் பற்றிய அந்த வரி எங்கள் ஒருவரிடமும் இல்லை," என்றார். "இரண்டாவது அறிக்கை அதைவிட நேர்மை. வேலை உனக்கு. இன்னொரு முறை கதிரையை விட்டு எழும்பினால் அன்றோடு சரி." பாரிஸை வேறொரு கழகம் கொண்டுபோய்விட்டது. நான் இப்போதும் ஓலைத் தொப்பியோடு வலைக்குப் பின்னால் இருக்கிறேன். கால்கள் ஆடுகின்றன. எழும்புவதில்லை.

என்னைப் பற்றிய அறிக்கையை ஷிரோமி குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டிவைத்தாள். வீட்டுக்கு வந்த சொந்தக்காரர் எல்லாரும் நின்று வாசித்தார்கள். தன்னைப் பற்றியே இப்படி எழுதுகிறவன் மற்றவர்களைப் பற்றிப் பொய் எழுதமாட்டான் என்று குடும்பத்தில் ஒரு நம்பிக்கை பிறந்துவிட்டது. போன ஆண்டு ஸ்ரௌவ்வில்லில் இருக்கிற அவளுடைய தங்கை அழைத்தாள். மூத்த மகளுக்குச் சம்பந்தம் பேசி மாப்பிள்ளை வீட்டார் வருகிறார்களாம். "அத்தான், நீங்கள் ஒண்டும் கதைக்க வேண்டாம். ஒரு மூலையில இருந்து பெடியனைப் பாத்து, வடிவா ஒரு றிப்போட் எழுதித் தாங்கோ."

இதுவரை நான்கு மாப்பிள்ளைகளுக்கு எழுதியாயிற்று. ஒவ்வொரு தரமும் ஷிரோமி முன்கூட்டியே அந்தப் பெண் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்து ஒரே எச்சரிக்கையைச் சொல்லிவைக்கிறாள், நானும் கேட்கும்படியாக:

"அவர் பாக்கட்டும், எழுதட்டும். ஆனா கதிரையை விட்டு எழும்ப விட்டிடாதேங்கோ. விட்டால் மாப்பிளையின்ர இடத்தில தானே போய் நிண்டிடுவார்."