எஞ்சினை மறைத்த ஆள்

பெண்டாட்டியோடு சண்டை போட்டுக்கொண்டு ஓடிவிட்டார் என்று யார் சொன்னது? என் மாப்பிள்ளை ஓடுகிற ஆள் இல்லை; தேடுகிற ஆள். பழைய ஃபுட்டேஜ் தேடுகிறவர்கள் என்று ஓர் இனமே உண்டு. டிவியில் “அந்தக் காலத்தில்…” என்று ஒரு குரல் இழுத்ததும் கறுப்பு வெள்ளையில் கூட்டம் ஓடுகிறதே, அது தானாக வந்து விழுந்தது என்றா நினைத்தீர்கள்? யார் வீட்டுப் பரணிலோ ஏறி, தும்மி, ஃபிலிம் டப்பாவைத் திறந்து மோந்து, “புளிச்ச வாடை, ரொம்ப நாள் தாங்காது” என்று வைத்தியர் போல உதட்டைப் பிதுக்கி, ஃபிலிமின் சொந்தக்காரர் செத்திருந்தால் வாரிசுகளைத் தேடி, முகம் பார்க்காத அண்ணன் தம்பியை ஒரே இடத்தில் உட்காரவைத்து, சம்மதம் வாங்கி வருவது இந்த இனம்தான்.

ஒரே ஒரு குறை. இவர்கள் கண்ணில் மனிதர்கள் படமாட்டார்கள்.

டிவியில் வெள்ளக் காட்சியைப் பார்த்து நாமெல்லாம் மூக்கைச் சிந்தினால், “பொய்! இது அந்த வெள்ளமே இல்ல. பஸ்ஸைப் பாருங்க, அப்புறம் வந்த வண்டி” என்பார் மாப்பிள்ளை. துக்க வீட்டில், “பெரியவர் போயிட்டாரே!” என்று அழுதால், “ஆமா, பாவம்… பரண்ல ஃபிலிம் டப்பா ஏதாச்சும் வச்சிருந்தாரா?” அடி வாங்காமல் திரும்புவது அவர் ராசி.

போன ஞாயிறு இங்கே முதல் ரயில் வந்த கதையை டிவியில் போட்டார்கள். படம் மாப்பிள்ளை தேடிப் பிடித்துக் கொடுத்தது. புகையோடு எஞ்சின் வந்தது. ஓரத்தில், கண் சிமிட்டும் நேரம், ஒரு தோள். கக்கத்தில் தலைகீழாக இடுக்கிய குடை.

குடையை அப்படி இடுக்கியவர் உலகத்திலேயே என் வீட்டுக்காரர் ஒருவர்தான். மகளுக்கு நினைவு தெரியுமுன் போய்ச் சேர்ந்துவிட்டார். வீட்டில் ஒரு போட்டோகூடக் கிடையாது.

“மாப்பிள்ளை, அந்த ஆளோட மூஞ்சி எங்க?”

“எஞ்சினை மறைச்சுக்கிட்டு கேமராவைப் பார்த்துச் சிரிச்சாரு அத்தை, ஒரே தொல்லை. காப்பி எடுக்கும்போது அந்த இடத்தை வெட்டிட்டேன்.”

“அது உங்க மாமனாரு.”

மாப்பிள்ளை திரும்பி என் மகளைப் பார்த்தார். அவள் வழிகிற கண்ணைத் துடைக்கக்கூட இல்லை.

“ரீலைத் திருப்பிக் கொடுத்துட்டேனே அத்தை! நாத்தம் தாங்கல, குப்பையில போடறேன்னு ரீலுக்குச் சொந்தக்கார அம்மா சொன்னாங்களே!”

ஒரு காலில் அவர் செருப்பு, மறு காலில் என் செருப்பு. அப்படியே வாசலைத் தாண்டி ஓடினார். தெரு பார்த்தது இதைத்தான்.

சிரிக்காதீர்கள். கல்யாண வீடியோவில் உங்கள் முகத்தை மறைத்துக்கொண்டு ஒருவர் குறுக்கே வருவாரே, “சே, தள்ளி விடு” என்பீர்களே, அவர் யாரென்று ஒரு தரம் பார்த்து வையுங்கள். என்னிடம் இன்னொரு ஜோடிச் செருப்பு இல்லை.