சுயநினைவு பற்றிய ஒரு சிறப்புரை

மனிதகுலம் தோன்றிய நாள் முதல் விடையில்லாமல் கிடந்த 'நான் யார்?' என்ற கேள்விக்கு, சென்ற ஞாயிறு மாலை ஐந்தரை மணிக்கு, நூலகத்தின் மாடி அறையில், முப்பத்திரண்டு நாற்காலிகளுக்கும் பதினொரு மனிதர்களுக்கும் முன்னால் விடை சொல்லப்பட்டது. சொன்னவர் திரைப்படச் சங்கத்தின் ஆஸ்தான விமர்சகர். பேச்சு எடுபட்டால் அடுத்த தலைவர் பதவி அவருக்குத்தான் என்று பேச்சு இருந்தது.

எடுத்துக்கொண்ட படம் இயந்திர மனிதர்களைப் பற்றியது. எதிர்கால நகரம், ஓயாத மழை, கலர் கலராய் விளக்குகள். தான் மனுஷியா இயந்திரமா என்று தெரியாமல் அலைகிற ஒருத்தி. விமர்சகர் அதை முழு ஈடுபாட்டோடு தூங்கிக் கழித்திருந்தார். நாலாவது நிமிஷம் கண்ணயர்ந்தவர், படம் முடிந்து விளக்கு எரிந்ததும் எழுந்து கைதட்டினார். ஆழமான படங்களை ஆழ்ந்துதான் அனுபவிக்க வேண்டும் என்பது அவருடைய 'கொள்கை'.

பக்கத்து இருக்கையில் விழித்திருந்தவள் மனைவி. ஞாயிறு மத்தியானம் அவளிடம் போய் நின்றார்.

"முக்கியமான சீன் ஒண்ணே ஒண்ணு சொல்லு, போதும். மீதியை நான் தத்துவமா ஆக்கிக்கிறேன்."

அவள் துணி மடிப்பதை நிறுத்தினாள்.

"அவளுக்கு ஆபரேஷன் நடக்குதுங்க. நினைவு வந்ததும் நர்ஸ்கிட்ட, 'அவர் வந்தாரா?'ன்னு கேக்குறா. 'வந்துட்டே இருக்காராம்'னு நர்ஸ் பொய் சொல்றாங்க. பொய்னு தெரிஞ்சும் இவ, 'பாவம், டிராஃபிக்கா இருக்கும்'ங்கிறா."

"பிரமாதம்! யாரு அந்த அவர்?"

"கடைசி வரைக்கும் காட்டவே இல்லை."

"குறியீடு!" என்று குறித்துக்கொண்டார்.

மேடையில் அந்த ஒரு காட்சியைப் பிழிந்து எடுத்துவிட்டார் மனுஷர். 'சுயநினைவு' என்ற சொல்லை மட்டும் நாற்பது தடவை சொல்லியிருப்பார். "தெரிந்தே ஒரு பொய்யை ஏற்றுக்கொண்டாளே, அந்த நொடியில் அவள் மனுஷி ஆகிவிட்டாள்! வராமல் போனானே, அவன்தான் இயந்திரம்!" என்றபோது குரல் உடைந்தது. கண் நிஜமாகவே கலங்கியது.

கேள்வி நேரத்தில் பல் டாக்டர் எழுந்தார். சங்கத்தின் செயலாளர், படத்தை இரண்டு தடவை பார்த்தவர், இரண்டு தடவையும் தூங்காமல்.

"சார், தப்பா நினைக்காதீங்க. படத்துல ஆஸ்பத்திரியே வரலையே?"

விமர்சகர் முன்வரிசையைப் பார்த்தார். மனைவி கைப்பையின் ஜிப்பை இழுத்து மூடினாள்.

"படத்துல இல்லைங்க டாக்டர். போன மார்ச்ல எனக்குக் கர்ப்பப்பை எடுத்தாங்கல்ல, அன்னைக்கு நடந்தது. அப்பவும் இவர் இதே ரூம்லதான் பேசிட்டிருந்தாரு. பொழுது சாஞ்சு வந்தவரு, நீங்கல்லாம் ரொம்ப நேரம் கைதட்டுனீங்கன்னு சொன்னாரு."

மற்றப் பத்துப் பேரும் தரையைப் பார்த்தார்கள்.

பிழைதிருத்தம்: சங்க இதழின் மேற்கண்ட அறிக்கையில் 'விமர்சகர்' என்று வருமிடமெல்லாம் 'நான்' என்று திருத்தி வாசிக்கவும். பிழை அச்சகத்தாருடையது அல்ல.