ஐந்து ஊசி போட்ட மாப்பிள்ளை

நயினை அம்மன் துணை
நெடுந்தீவு

மதிப்புக்குரிய கணநாதன் அண்ணைக்கு,

தங்கை சௌந்தரநாயகி எழுதிக்கொள்வது. அம்மன் புண்ணியத்தில் நானும் இவரும் மகள் ஹம்சத்வனியும் மாடுகளும் சுகம். ரொறன்ரோவில் உங்கள் முழங்கால் உளைவு குறைய வேண்டுமென்று வெள்ளிக்கிழமை விளக்கு வைக்கும்போது கேட்டிருக்கிறேன்.

அண்ணை, போன கிழமை நான் போனில் அழுது, நீங்கள் ஹம்சத்வனிக்குப் பேசிவந்த ஜெனுஷனின் சம்பந்தத்தை நிப்பாட்டச் சொன்னதை மறந்துவிடுங்கள். நிப்பாட்ட வேண்டாம். போனில் சொன்னால் இடையில் மறிப்பீர்கள் என்றுதான் எழுதுகிறேன்.

நடந்தது இதுதான். வீடியோவில் பேசும்போது, தம்பிக்கு முந்தி ஏதும் நோய் வருத்தம் இருந்ததோ என்று நாசூக்காகக் கேட்டேன். அந்தப் பிள்ளை பெருமையாக, "ஒண்டுமில்லை அன்ரி. அமெரிக்க ஆமியிலை கொரியாவுக்கு அனுப்பேக்கை அந்திராக்ஸுக்குக்கூட அஞ்சு ஊசி போட்டவை" என்றார். பக்கத்தில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்த இவர், "அது மாட்டுக்கு வாற அடைப்பானல்லோ" என்றார். அன்று முதல் எனக்குச் சோறு இறங்கவில்லை. மாட்டு வருத்தத்துக்குப் போட்ட மருந்து மனுசரின் உடம்பில் கிடந்து பத்து வருடம் கழித்து என்ன செய்யுமோ, பிறக்கிற பிள்ளைகளுக்கு என்ன வருமோ என்று யோசித்து யோசித்துத்தான் உங்களுக்குப் போன் எடுத்தேன். ஹம்சத்வனியோ, "செய்தால் அவரைத்தான் செய்வன், இல்லாட்டில் கலியாணமே வேண்டாம்" என்று கதவைச் சாத்திவிட்டாள்.

அடைப்பானைப் பற்றிக் கேட்க இங்கே மாட்டு டொக்டர் டெனிஸ்ரனை விட்டால் ஆர்? ஆனால் சம்பந்தம் முற்றாக முன்னம் ஊருக்குள் வாய் திறந்தால் கண்ணூறு படுமென்று கொஞ்சம் சுற்றிவளைத்துக் கேட்டேன்.

"தம்பி, வெளியிலை இருந்து ஒரு நாம்பன் காளை எடுக்க யோசிக்கிறம். அடைப்பான் ஊசி அஞ்சு போட்டிருக்காம். பயமில்லையோ?"

"அஞ்சோ? வருசத்துக்கு ஒண்டு காணுமே. அது உயிருள்ள கிருமியிலை செய்யிற ஊசி அக்கா. ஆறு கிழமைக்கு இறைச்சிக்குக் குடுத்திடாதேங்கோ."

"ஐயோ, எங்களுக்கு அந்த எண்ணமில்லை. பின்னாலை பிறக்கிறதுகளுக்கு ஏதும் வருமோ?"

"வராது. நாம்பனுக்கு என்ன வயசு?"

"முப்பத்தொண்டு."

டெனிஸ்ரன் பேனையை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "அக்கா, நாம்பன் என்ன படிச்சிருக்கு?"

நான் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டேன். அவர் சிரித்து முடித்து, ஆஸ்பத்திரியிலிருக்கும் டொக்டர் சுலக்சனாவிடம் அனுப்பினார். அந்தப் பிள்ளை பொறுமையாகச் சொன்னா: "மனுசருக்குப் போடுறது வேறை அம்மா. அதிலை உயிருள்ள கிருமி இல்லை. போட்ட இடம் வீங்கும், உளையும். ரண்டொரு நாள் தலையிடி, அலுப்பு வரும். கடுமையான ஒவ்வாமை வாறது அருமை." கனகாலத்துக்குப் பிறகு என்ன ஆகுமென்று நான் விடாமல் கேட்டேன். "ஊசி போட்ட ஆமிக்காரரையும் போடாதவையையும் வருசக்கணக்காய் ஒப்பிட்டுப் பாத்திருக்கினம். நிரந்தர வருத்தம் கூடினதாய்த் தெரியேல்லை. ஒருத்தருக்கும் ஒண்டும் வராதெண்டு நான் கையெழுத்து வைக்க ஏலாது, அது எந்த மருந்துக்கும் ஏலாது. பிள்ளையளுக்குக் கடத்துற சாமானில்லை அது. கேட்டதுக்கு ஒளிக்காமல் சொன்ன மாப்பிள்ளை எண்டதையும் கொஞ்சம் பாருங்கோ."

அண்ணை, அந்தக் கடைசி வார்த்தையில் என் நெஞ்சிலிருந்த கல் இறங்கியது. வீட்டுக்கு வந்து இரண்டு கோப்பை சோறு சாப்பிட்டேன். ஹம்சத்வனி கதவைத் திறந்து, "நாம்பனை எடுக்கிறியளோ அம்மா?" என்று கேட்டாள். டெனிஸ்ரனின் வாய் வள்ளத்தைவிடக் கெதியாக ஓடுகிறது. அம்மனுக்கு நேர்ந்த பால் அபிஷேகத்தை எங்கள் வெள்ளைச்சியின் பாலிலேயே செய்விக்கப் போகிறேன். நீங்கள் ஆவணியில் நாள் வைத்துவிடுங்கள். எங்கள் பக்கத்தில் ஒளிக்க ஒன்றுமில்லை என்றும் மாப்பிள்ளை வீட்டுக்குச் சொல்லிவிடுங்கள்.

அண்ணியை விசாரித்ததாகச் சொல்லவும். நயினையாள் உங்கள் வாசலைப் பார்த்தபடி இருக்கட்டும்.

இப்படிக்கு,
நிம்மதியான தங்கை,
சௌந்தரநாயகி

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகையில் மாப்பிள்ளையின் தாய் போன் எடுத்தா. "மகன் அங்கை வந்தால் உங்கட வீட்டுப் பால்தானே குடிக்கப்போறார். மாடுகளுக்கு ஊசியெல்லாம் போட்டிருக்கோ?" என்று கேட்டா. நான் "ஓம்" சொல்ல வாயெடுக்க, இவர் குசினிப் பக்கம் நழுவினார். விசாரித்தால், ஊசி போட ஆள் வரும் ஒவ்வொரு முறையும் ஏழு மாட்டையும் மேற்கு வெளிக்குச் சாய்த்துக்கொண்டு போயிருக்கிறார். "ஊசி போட்டால் ரண்டு நாள் பால் குறையும். நீர் பால் கணக்கை விரிச்சு வைச்சுக்கொண்டு என்னை இருக்க விடமாட்டீர்" என்கிறார். ஊசி போட்டதற்கு டொக்டரின் துண்டுச்சீட்டைக் காட்டினால்தான் மேற்கொண்டு பேச்சென்று மாப்பிள்ளையின் தாய் சொல்லிவிட்டா. ஆகையால் ஆவணியில் நாள் வைக்க வேண்டாம். டெனிஸ்ரனிடம் எந்த முகத்தோடு போவதென்று தெரியவில்லை. இன்றைய தேதிக்கு அடைப்பானுக்குப் பயப்படாமல் எங்கள் வளவுக்குள் கால் வைக்கக்கூடியவர் மாப்பிள்ளை ஒருவர்தான்.