வீட்டுக்கடனில் முழு மதிப்பெண்

புரிந்துகொள்வது என்பது மனசுக்குள் நடக்கும் காரியம் என்று தத்துவவாதிகள் இரண்டாயிரம் வருஷமாக உளறிவந்தார்கள். அது காகிதத்தின் அடிப்பகுதியில் நடக்கும் காரியம், அதற்குப் பெயர் கையெழுத்து என்று உலகத்துக்கு நிரூபித்த பெருமை ஸ்பெயின் தேசத்தையே சேரும். அங்கே வீட்டுக்கடன் வாங்குகிறவர் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் நோட்டரியின் எதிரே உட்கார்ந்து ஒரு பரீட்சை எழுத வேண்டும். வட்டி ஏறினால் என்ன ஆகும், தவணை கட்டாவிட்டால் என்ன ஆகும் என்றெல்லாம் கேள்விகள் உண்டு. முன்னொரு காலத்தில் ஜனங்கள் புரியாமல் கடன் வாங்கி நாசமாய்ப் போனார்கள். இப்போது நன்றாகப் புரிந்துகொண்டு போகிறார்கள். முன்னேற்றம் என்றால் இதுவல்லவா முன்னேற்றம்!

அல்பாசெத்தே நகரத்தில் இந்தப் பரீட்சையை எழுதியவர்கள் எத்தனையோ பேர். ஆனால் 'எழுதிக் காட்டியவர்' என்று சொல்லத் தகுந்தவர் ஃபெர்மின் ஒர்துன்யோ ஒருவர்தான். பதினேழு வருஷமாக அவர் ஒரு டிரைவிங் ஸ்கூலில் மாஸ்டர். வண்டி ஓட்டச் சொல்லித்தருகிறவர்கள் ஊரில் நிறைய உண்டு. லைசென்ஸுக்கான எழுத்துப் பரீட்சையில் தேறச் சொல்லித்தருவதில் அவருக்கு நிகர் அவர்தான். "ஏன்னு கேக்காத, டிக் பண்ணு" என்பது அவருடைய கல்விக்கொள்கை. விடையில் 'எப்போதும்' என்று வந்தால் அது தப்பு. 'முன்னெச்சரிக்கை' என்று வந்தால் அது சரி. இரண்டும் சேர்ந்து வந்தால் மூன்றாவது விடையைப் போடு. இந்த ஞானத்தோடு ஒரு தலைமுறையே அந்த ஊர்ச் சாலைகளில் இறங்கியிருக்கிறது. அங்கே நடந்து போகிறவர்களுக்குப் பக்தி கொஞ்சம் அதிகம்.

அவரிடம் படித்தவர்களில் பல்தசார் என்று ஒரு பையன் இருந்தான். எழுத்துப் பரீட்சையில் ஒரு பிழைகூட இல்லாமல் தேறி, அடுத்த ஞாயிற்றுக்கிழமையே அப்பாவின் காரைக் கொண்டுபோய் பூங்காவின் நீரூற்றுக்குள் இறக்கினான். ஈரக் கால்சட்டையோடு நின்ற பையனை இழுத்துக்கொண்டு அவன் அப்பா பள்ளிக்கு வந்து கத்தினார்.

ஃபெர்மின் அசரவில்லை. "பையன் பாஸா, இல்லையா?"

"பாஸ்தான்."

"பாஸ் ஆனவனுக்கு ஒண்ணும் தெரியாதுன்னா அது என் தப்பா? தெரிஞ்சுதானே பாஸ் ஆனான்?"

அப்பா முணுமுணுத்தபடி வாசல் பக்கம் திரும்பினார். பையன் மட்டும் மாஸ்டரை வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தான். வாழ்க்கையில் ஒரு பெரிய உண்மை அவனுக்கு அன்றைக்குத் தெரிந்துவிட்டது. பிற்காலத்தில் அவன் ஒரு வங்கிக் கிளையின் மேலாளர் ஆனதில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை.

ஃபெர்மினுக்கு நாற்பத்தொரு வயதில் வீடு வாங்கும் ஆசை வந்தது. ஆசை என்பதைவிட நெருக்கடி என்று சொல்லலாம். கல்யாணமாகி ஒன்பது வருஷமாக அவரும் மனைவி லியோகாதியா என்ற லியோவும் மாமியார் வீட்டின் பின்னறையில் குடியிருந்தார்கள். மடக்குக் கட்டிலை விரித்தால் அலமாரி திறக்காது. அலமாரியைத் திறக்க வேண்டுமானால் ஒருவர் எழுந்து வராந்தாவில் நிற்க வேண்டும். நிற்கிறவர் எப்போதும் ஃபெர்மின்தான். மாமியார் அந்தப் பக்கமாக வரும்போதெல்லாம், "என்ன மாப்ள, இன்னிக்கும் காவலா?" என்று கேட்பார். ஒன்பது வருஷமாக அதே கேள்வி.

அதனால், மூன்றாவது மாடியில் பால்கனியோடு ஒரு வீடு விலைக்கு வந்தபோது அவர் யோசிக்கவில்லை. ஒரு லட்சத்து அறுபதாயிரம் யூரோ. அன்று மாலையே பதினாறாயிரத்தை அட்வான்ஸாகக் கொடுத்து ஒப்பந்தம் போட்டாயிற்று. குறிப்பிட்ட வெள்ளிக்கிழமைக்குள் பத்திரம் முடிக்காவிட்டால் அட்வான்ஸ் திரும்பி வராது. அதில் பெரும்பகுதி லியோ சீஸ் கடையில் நின்றபடியே ஒன்பது வருஷம் வேலை பார்த்துச் சேர்த்தது.

கடனுக்குப் பல்தசாரிடமே போனார்கள். அவன் எழுந்து வந்து மாஸ்டரைக் கட்டிக்கொண்டான். உட்காருவதற்கு முன்பே மேஜைமேல் ஒரு பெரிய அட்டைப்பெட்டியை வைத்தான். உள்ளே ஏழு சமையல் பாத்திரங்கள். வீட்டுக்கடன் வாங்குகிறவர்களுக்கு வங்கியின் 'அன்புப் பரிசு'.

"வட்டி எவ்வளவுப்பா?" என்று கேட்டாள் லியோ.

"மாறும் வட்டி மேடம். யூரிபோரோட கொஞ்சம் சேத்து. மாசம் வெறும் நானூறு."

"யூரிபோர்னா?"

"அது 'சி' மேடம்."

"என்னது?"

"நோட்டரி பரீட்சையில நாலாவது கேள்வி அது. விடை 'சி'. நான் எல்லாத்துக்கும் தயார் பண்ணி வெச்சிருக்கேன்." அவன் ஒரு தாளை மாஸ்டர் பக்கம் நகர்த்தினான். "மாஸ்டர், நீங்க சொல்லிக்கொடுத்த வழிதான். 'அபாயம்'னு வர்ற விடை எல்லாம் சரி. 'உறுதி'ன்னு வர்றதெல்லாம் தப்பு."

ஃபெர்மினின் கண்கள் பனித்தன. வாழ்நாள் முழுக்கக் கற்பித்ததை ஒரு மாணவன் இவ்வளவு பெரிய அளவில் பயன்படுத்துவதைப் பார்க்க எத்தனை ஆசிரியர்களுக்குக் கொடுத்துவைக்கும்?

லியோ விடவில்லை. "அதெல்லாம் சரி. எல்லாம் முடிஞ்சப்புறம் இந்த வீட்டுக்கு நாங்க மொத்தம் எவ்வளவு குடுத்திருப்போம்?"

"மாசம் நானூறு மேடம்."

"மாசத்தைக் கேக்கல. மொத்தம்."

"மொத்தத்தை யாரு மேடம் கட்டப்போறா? மாசாமாசம்தானே கட்டப்போறீங்க."

"எங்க கடைக்கு வர்ற கிழவிங்ககூட நான் சீஸ்ல கத்தியை வைக்கிறதுக்கு முன்னாடி மொத்தம் எவ்வளவுன்னு கேப்பாங்கப்பா!"

பல்தசார் சிரித்தான். வாடிக்கையாளர் உறவைப் பற்றி வங்கியில் நடத்திய மூன்று நாள் பயிற்சி வகுப்பில் கற்றுக்கொண்ட சிரிப்பு அது. பிறகு வட்டியில் சலுகை கிடைக்க வேண்டுமானால் எடுத்துக்கொள்ள வேண்டிய 'விருப்பத் தேர்வுகளை' விளக்கினான். ஆயுள் காப்பீடு, வீட்டுக் காப்பீடு, கடன் அட்டை, திருடன் வந்தால் கூவும் அலாரம். விருப்பம் இல்லாவிட்டால் வேண்டாமாம். சலுகையும் வேண்டாம் என்று வைத்துக்கொள்ளலாமாம்.

"இன்னும் வீடே வரல, அதுக்குள்ள திருடனா?" என்றாள் லியோ.

"முன்னெச்சரிக்கை மேடம்" என்றான் பல்தசார்.

அந்தச் சொல்லைக் கேட்டதும் ஃபெர்மினின் கை தானாக டிக் போட்டுவிட்டது.

அடுத்த பத்து நாளும் சட்டம் கொடுக்கும் 'நிதானமாகச் சிந்திக்கும் காலம்'. வங்கி தன் காகிதங்களை எல்லாம் நிதானமாகத் தயார் செய்ததால், அந்தக் காலம் முடிந்தபோது அட்வான்ஸ் கெடுவுக்கு இரண்டே நாள் பாக்கி இருந்தது. ஃபெர்மின் பத்து நாளும் கண்ணும் கருத்துமாகப் படித்தார். மடக்குக் கட்டிலில் லியோ கேள்வி கேட்க, அவர் வராந்தாவிலிருந்து பதில் சொன்னார்.

"வட்டி ஏறினா என்ன ஆகும்?"

"'ஏ'."

"'ஏ'ன்னா என்ன?"

"தவணையும் ஏறும் அபாயம் உண்டு."

"எவ்வளவு ஏறும்?"

"அது பரீட்சையில வராது லியோ. பாடத்துக்கு வெளியில எல்லாம் கேக்காத."

"ஏம்ப்பா, உங்கிட்ட படிச்சுப் பாஸ் பண்ணவங்கள்ல எத்தனை பேர் நீரூத்துல இறங்கினாங்க?"

"ஒருத்தன்தான். அவன் இப்ப மேனேஜர்" என்றார் ஃபெர்மின் பெருமையாக.

புதன்கிழமை காலை நோட்டரி அலுவலகம். நோட்டரி எவுலாலியா அம்மையார் கண்ணியமே உருவானவர். அந்தப் பரீட்சை மட்டும் அவர் இலவசமாகச் செய்யும் சேவை என்பதால், அதை இலவசத்துக்கு ஏற்ற வேகத்தில் செய்வார். கேள்வியை அவர் பாதி வாசிப்பதற்குள் ஃபெர்மின் விடை சொன்னார். நான்காவது கேள்விக்குக் கேள்வியே தேவைப்படவில்லை. 'சி' என்றார். எல்லாமே சரி. அம்மையார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி, "என் அனுபவத்துல இப்படி ஒருத்தரை நான் பாத்ததில்லை" என்று பாராட்டினார்.

அடுத்து லியோ. அவளும் சேர்ந்துதான் கடன்காரி.

"விளக்கமெல்லாம் புரிஞ்சுதாம்மா?"

"ஒண்ணு புரியல. மொத்தம் எவ்வளவு?"

அம்மையார் முகம் மலர்ந்தது. "அதெல்லாம் இதுலயே இருக்கும்மா. எதையும் மறைக்கக்கூடாதுன்னு சட்டம்." காகிதக் கட்டுக்குள்ளிருந்து ஒரு பக்கத்தை எடுத்துக் காட்டினார். உண்மைதான், யாரும் எதையும் மறைக்கவில்லை. வட்டி இப்படியே இருந்தால் இவ்வளவு, ஏறினால் இவ்வளவு என்று பொடி எழுத்தில் அழகாகக் கட்டம் போட்டிருந்தது. லியோ கடைசிக் கட்டத்தில் விரலை வைத்து, காப்பீடுகளையும் கையிலிருந்து போடும் பணத்தையும் கூட்டிப் பார்த்தாள். மூன்று லட்சத்தைத் தாண்டியது.

"அப்போ நாங்க ரெண்டு வீடு வாங்குறோம்" என்றாள்.

"ஒரு வீடுதாம்மா."

"விலை ரெண்டு வீட்டுக்கு இருக்கே. ஒண்ணுல நாங்க இருப்போம். அந்த இன்னொண்ணு எங்க இருக்கு?"

நோட்டரி ஃபெர்மினைப் பார்த்தார். ஃபெர்மின் கூரையைப் பார்த்தார். கேள்வி பாடத்திட்டத்துக்கு வெளியிலிருந்து வந்துவிட்டது.

"வட்டி ஏறினாத்தாம்மா அப்படி. ஏறணும்னு கட்டாயமா?" என்று சமாதானம் சொன்ன அம்மையார், "இப்ப புரிஞ்சுதுதானே?" என்று கேட்டார்.

"நல்லாப் புரிஞ்சுது. அதான் வேண்டாம்னு தோணுது."

"தோணுறதுக்கு இதுல இடம் இல்லம்மா. 'புரிந்தது', 'புரியவில்லை'ன்னு ரெண்டு கட்டம்தான்."

"'புரிந்தது, அதனால் பயமாக இருக்கிறது'ன்னு எழுதலாமா?"

"எழுதினா நான் கையெழுத்துப் போட முடியாது. நான் போடலைன்னா வெள்ளிக்கிழமை பத்திரம் கிடையாது." அம்மையார் குரலில் உண்மையான பரிவு இருந்தது. "யாரும் உங்களைக் கட்டாயப்படுத்தல. முழு சுதந்திரம். அட்வான்ஸ் மட்டும்தான் போகும்."

லியோவுக்கு அழுகை வந்தது. பதினாறாயிரம் யூரோவை அவள் கால்வலியாகத்தான் நினைத்துப் பார்க்க முடியும். ஃபெர்மினுக்கு மாமியாராக வாய்த்த தன் அம்மாவையும், வராந்தாவில் காவல் நிற்கும் புருஷனையும், விரித்தால் மூச்சு முட்டும் அந்தக் கட்டிலையும் நினைத்தாள். சுதந்திரம் என்றால் என்ன என்று அந்தப் பரீட்சையில் கேள்வி எதுவும் இல்லை.

"பேனாவைக் குடுங்க" என்றாள். 'புரிந்தது' என்ற கட்டத்தில் டிக் போட்டாள்.

வெள்ளிக்கிழமை வீடு 'சொந்தமானது'. ஃபெர்மின் தன் விடைத்தாளின் நகலைக் கேட்டு வாங்கி, கண்ணாடிச் சட்டம் போட்டு வரவேற்பறையில் மாட்டினார். விருந்தாளிகள் வந்தால் முதலில் அதைத்தான் காட்டுவார். மாமியாரையும் கூட்டிவந்து காட்டினார். மாமியார் சட்டத்தைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார், "சுவரும் உங்களுதுதானே?" என்று கேட்டார். மனிதர்களில் சிலருக்கு எதையும் முழு மனசோடு பாராட்டத் தெரியாது.

முதல் ஆறு மாசம் அமைதியாகப் போனது. பிறகு யூரிபோர் என்ற அந்த 'சி', அதாவது ஐரோப்பிய வங்கிகள் தங்களுக்குள் வாங்கிக்கொள்ளும் வட்டி, மேலே ஏற ஆரம்பித்தது. தவணை நானூற்று ஐம்பது ஆயிற்று. பிறகு ஐந்நூற்று எண்பது. இரண்டாவது குளிர்காலம் முடிவதற்குள் எழுநூறைத் தொட்டது. ஹீட்டரை அணைத்தார்கள். கோட்டு போட்டுக்கொண்டு சாப்பிட்டார்கள். வங்கிப் பாத்திரங்களில் பொரிப்பதற்கு ஒன்றும் இல்லாததால் அவை புத்தம் புதிதாகவே இருந்தன. லியோ சீஸ் கடை முடிந்ததும் மாலையில் ஒரு பல் மருத்துவமனையில் தரை துடைக்கப் போனாள். பால்கனியில் உட்கார்ந்து காற்று வாங்க அந்த வீட்டில் யாருக்கும் நேரம் இல்லை.

கடைசியில் ஃபெர்மின் பல்தசாரிடம் போய்க் கத்தினார். "இப்படி ஆகும்னு யாருமே எனக்குச் சொல்லல!"

பல்தசார் பதறவில்லை. கணினியைத் தட்டி, திரையை மாஸ்டர் பக்கம் திருப்பினான். அதில் அந்த விடைத்தாள் இருந்தது.

"மாஸ்டர், நீங்க பாஸா, இல்லையா?"

"பாஸ்தான்."

"தெரிஞ்சுதானே பாஸ் ஆனீங்க?"

எங்கேயோ கேட்ட குரலாக இருந்தது. கொஞ்சம் தாமதமாகத்தான் அது தன் குரல் என்று அவருக்கு உறைத்தது. நீரூற்றுக்குள் இறங்கிய கார் ஞாபகம் வந்தது. இந்த முறை காருக்குள் இருந்தது அவர். பக்கத்து இருக்கையில் லியோ.

"புரியாம நீங்க ஒரு கேள்விக்குத் தப்பா பதில் போட்டிருந்தாக்கூட ஏதாவது பேசலாம் மாஸ்டர்" என்றான் பல்தசார் வருத்தத்தோடு. "வழக்குக்கே போனாலும் இந்தத் தாள்தான் முதல்ல வரும். ஊர்லயே நல்லாப் புரிஞ்சுகிட்ட ஆள் நீங்கதான்."

ஃபெர்மின் வீட்டுக்கு வந்து கோட்டைக்கூடக் கழற்றாமல் அந்தச் சட்டத்தின் எதிரே உட்கார்ந்தார். இரண்டாவது வேலையை முடித்துவிட்டு லியோ வந்தாள். அவர் முகத்தைப் பார்த்ததுமே என்ன நடந்திருக்கும் என்று அவளுக்குத் தெரிந்தது.

"என்ன சொல்லிட்டான்?"

"முப்பது வருஷம். இன்னும் இருபத்தெட்டு பாக்கி."

"அப்படி என்ன குத்தம் பண்ணிட்டோமாம்?"

"புரிஞ்சுகிட்டோமாம்."

லியோ செருப்பைக் கழற்றிவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்து வீங்கிய காலைப் பிடித்துக்கொண்டாள். "முன்னாடியே விட மாட்டாங்களாமா?"

"மொத்தத்தையும் ஒரேயடியா கட்டினா விடுவாங்களாம். கேட்டுட்டுத்தான் வந்தேன்" என்றார் ஃபெர்மின். "அதுக்குத் தனியா கட்டணம்."