பத்து மீட்டர் நிசப்தம்

சரித்திரம் எழுதும் புண்ணியவான்கள் பேனாவில் மை நிரப்பிக்கொள்ளலாம். பல நாடுகள் கூடிப் பல விளையாட்டுகள் ஆடும் அந்த மாபெரும் போட்டியின் நான்காம் நாள், காலை ஒன்பது மணிக்கு, துப்பாக்கி சுடும் சங்கத்தின் மாண்புமிகு தலைவர் புது ஷூ போட்டுக்கொண்டு அரங்குக்குள் நுழைந்தார்.

ஷூ கிறீச்சிட்டது.

கால்பந்து மைதானமாக இருந்தால் இது ஒரு செய்தியே இல்லை. அங்கே யானை பிளிறினாலும் ஆட்டம் நடக்கும். இது பெண்களுக்கான பத்து மீட்டர் ஏர் ரைஃபிள் தகுதிச்சுற்று. அறுபது குண்டு, எழுபத்தைந்து நிமிடம். பாட்டு, கைதட்டல் எல்லாம் இறுதிச்சுற்றுக்குத்தான். இங்கே ஐம்பது பெண்கள் விறைப்பான கேன்வாஸ் கோட்டு மாட்டிக்கொண்டு, அலமாரி மாதிரி அசையாமல் நின்று, முற்றுப்புள்ளி அளவே இருக்கும் ஒன்றைச் சுடுவார்கள். முதல் எட்டுப் பேர் இறுதிச்சுற்றுக்குப் போவார்கள். மற்றவர்கள் ஊருக்குப் போவார்கள்.

தலைவரின் நாடு இதுவரை எட்டுக்குள் வந்ததில்லை. இந்த முறையும் வராவிட்டால் பயிற்சிக்கூடத்தை டேபிள் டென்னிஸ்காரர்களுக்குக் கொடுத்துவிடுவதாகத் தலைவரே கடிதம் எழுதியிருந்தார். அந்தக் கடிதத்தைக் கைப்பையில் வைத்துக்கொண்டு நின்றிருந்தார் பயிற்சியாளர். நாற்பத்தெட்டு வயதுப் பெண்மணி. அவருடைய நம்பிக்கை முழுவதும் பதினேழாம் தடத்தில் நின்ற டெய்லர் மேல் இருந்தது. துணி தைத்துப் பிழைக்கும் பெண். ஏழு வருடமாக இவரிடம் சுடப் பழகுகிறாள். காதில் அடைப்பான் வைத்தால் உள்ளே கடல் இரைகிறது என்பாள். ஆகவே அவள் காதைவிட்டு ஊர் வாயை அடைப்பது என்று பயிற்சியாளர் முடிவு செய்திருந்தார்.

"சார், ஷூவைக் கொஞ்சம் கழட்டிடுங்களேன்," என்றார் தலைவரின் காதோடு.

தலைவருக்குப் பதில் உதவியாளர் பேசினார். தலைவரின் குடை, மூக்குக்கண்ணாடி, கோபம் மூன்றையும் சுமப்பது அவர் உத்தியோகம். "வெறுங்காலோட எப்படிம்மா? போட்டோ எடுக்குறாங்க."

"அப்ப நடக்காமயாவது இருக்கச் சொல்லுங்க."

"நடக்காம எப்படி மேற்பார்வை பாக்குறது?"

புள்ளிகள் காட்டும் திரையில் டெய்லர் முப்பத்திரண்டாம் இடம்.

பயிற்சியாளர் ஓடிப்போய் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுவந்தார். தலைவர் உட்கார்ந்தார். ஷூ ஓய்ந்தது, நாற்காலி ஆரம்பித்தது. அவர் மூச்சு விட்டால் ஒரு முனகல், கால்மேல் கால் போட்டால் ஒரு அலறல்.

"தலைவருக்கு இது தாங்காதுங்க," என்றார் உதவியாளர்.

"நாற்காலிக்குத்தான் தாங்காது," என்றார் பயிற்சியாளர்.

இருவரும் வீராங்கனைகள் ஓய்வறைக்குப் போய் அங்கிருந்த சோபாவைத் தூக்கிவந்தார்கள். தலைவர் அதில் இடுப்புவரை புதைந்தார். "இப்பதான் மரியாதை தெரியுது," என்று சொல்லி, கைகளை வயிற்றின் மேல் கோத்துக்கொண்டார்.

நான்காவது நிமிடம் குறட்டை கிளம்பியது.

சும்மா சொல்லக்கூடாது, பதவிக்கு ஏற்ற குறட்டை. முதலில் மரம் அறுப்பது போல நீண்ட ஓர் இழுப்பு. மேடையில் கைதட்டலுக்காக நிறுத்துவாரே, அதேபோல ஒரு நிறுத்தம். பிறகு லாரி பிரேக் பிடிக்கிற பெருமூச்சு. திரும்பவும் முதலிலிருந்து.

பதினெட்டாம் தடத்துப் பெண்ணின் பயிற்சியாளர் பாய்ந்து வந்தார். "எங்க பொண்ணு ரெண்டு தடவை துப்பாக்கியைக் கீழ வெச்சுட்டா. உங்க ஆளை இதுக்குன்னே கூட்டிட்டு வந்தீங்களா?"

"அவரை யாருங்க கூட்டிட்டு வந்தா? அவரா வந்தாரு."

பின்னாலேயே நடுவர் அம்மாள் வந்தார். "சத்தம் நிக்கணும். இல்லேன்னா எழுதிடுவேன்."

பயிற்சியாளர் திரையைப் பார்த்தார். டெய்லர் பதினொன்றாம் இடம். கொஞ்ச நேரத்தில் ஏழு. அப்புறம் ஐந்து. அவர் கண் கலங்கிவிட்டது. இந்த இரைச்சலிலும் அசராமல் சுடுகிறாள் என்றால், அது ஏழு வருடம் தான் கொடுத்த மனப்பயிற்சி அல்லாமல் வேறு என்ன. இந்தக் குறட்டை மட்டும் இல்லாவிட்டால் முதலிடமே வந்துவிடுவாள்.

"மூக்கைப் பிடிங்க," என்றார் உதவியாளரிடம்.

"தலைவர் மூக்கைத் தொடுற அளவுக்கு நான் இன்னும் வளரலைங்க."

பயிற்சியாளரே பிடித்தார். மரம் அறுப்பது நின்று விசில் ஆரம்பித்தது. பதினெட்டாம் தடத்துப் பெண் மறுபடியும் துப்பாக்கியைக் கீழே வைத்தாள். மூக்கை விட்டுவிட்டுத் தோளைப் பிடித்து உலுக்கினார். தலைவர் கண்ணைத் திறக்காமலே, "இந்த வெற்றியை உங்கள் காலடியில்," என்று தொடங்கினார்.

உதவியாளர் பழக்கதோஷத்தில் கைதட்டிவிட்டார்.

நடுவர் மஞ்சள் அட்டையை எடுத்துக் காட்டினார். "இது எச்சரிக்கை. அடுத்து உங்க பொண்ணோட புள்ளியிலதான் கை வைப்பேன்."

அதற்குள் தலைவர் மறுபடி மரம் அறுக்கத் தொடங்கியிருந்தார். டெய்லர் இரண்டாம் இடத்தில் இருந்தாள். இன்னும் ஐந்து குண்டு, ஒன்பது நிமிடம். ஐந்தையும் கண்ணை மூடிக்கொண்டு சுட்டால் ஒழிய எட்டை விட்டு வெளியே போக வழியில்லை. புள்ளியை வெட்டினால்தான் ஆபத்து.

"தூக்குங்க," என்றார் பயிற்சியாளர்.

"யாரை?"

"சோபாவை. அவரு தானா வருவாரு."

ஒரு முனையில் பயிற்சியாளர், மறுமுனையில் உதவியாளர், நடுவில் பதினெட்டாம் தடத்துப் பயிற்சியாளர். மூவரில் அவர்தான் உற்சாகமாகத் தூக்கினார். நடுவர் கதவைத் திறந்துவிட்டார். சோபா கடந்து போகையில் பார்வையாளர்கள், யாரோ பெரிய மனிதர் போய்ச் சேர்ந்துவிட்டார் என்று நினைத்து எழுந்து நின்றார்கள்.

கதவு மூடியது. அரங்கில் அப்படி ஒரு நிசப்தம்.

பயிற்சியாளர் மூச்சிரைக்கத் திரும்பி வந்து, வெற்றிப் புன்னகையோடு நின்றார்.

டெய்லர் துப்பாக்கியைத் தூக்கிக் கன்னத்தில் வைத்தாள். காத்திருந்தாள். இறக்கினாள். மறுபடி தூக்கினாள். காத்திருந்தாள். இறக்கினாள். திரும்பி, சோபா இருந்த இடத்தைப் பார்த்தாள். பயிற்சியாளர் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார்.

ஐந்து நிமிடம் போனது. ஆறு போனது. கடைசி நிமிடத்தில், அடுப்பில் பால் பொங்குகிற அவசரத்தில் அவள் ஐந்தையும் சுட்டுத் தள்ளினாள். ஒன்பது புள்ளி மூன்று. எட்டு புள்ளி எட்டு. மீதி மூன்றைப் பார்க்கப் பயிற்சியாளருக்குத் தெம்பு இல்லை.

ஒன்பதாம் இடம். எட்டாம் இடத்துக்கும் அவளுக்கும் இடையே ஒரு புள்ளியில் பத்தில் ஒரு பங்கு.

வெளியே, நடைவழியில் கிடந்த சோபாவில் தலைவர் விழித்திருந்தார். "எட்டுக்குள்ளதானே?"

"ஒன்பது சார்," என்றார் உதவியாளர்.

"பத்திரிகைக்கு ஏறத்தாழ எட்டுன்னு கொடுத்துடு."

பயிற்சியாளர் அவர்களைக் கடந்து உடை மாற்றும் அறைக்குள் போனார். டெய்லர் கோட்டின் பொத்தான்களைக் கழற்றிக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா ஆச்சு? அவ்வளவு சத்தத்துலயும் அடிச்சுட்டு, அமைதி பண்ணிக் கொடுத்ததுக்கு அப்புறம் இப்படிக் கோட்டை விட்டுட்டியே."

"அவரை எதுக்குக்கா தூக்கிட்டுப் போனீங்க?"

"குறட்டைம்மா. உனக்குக் கேக்கலையா?"

"நல்லாக் கேட்டுச்சே. எங்க வீட்டுக்காரருக்கும் இதே குறட்டைதான். அவருக்கு நைட் டியூட்டி. பகல்ல அவர் தூங்குற ரூம்லதான் நான் குறி பழகுறேன். வேற ரூம் ஏதுக்கா?"

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

டெய்லர் கடைசிப் பொத்தானைக் கழற்றினாள்.

"மூச்சு நிக்கிற நொடியில சுடணும்னு சொல்லிக் குடுத்தீங்க. யாரு மூச்சுன்னு சொல்லலையேக்கா."