துவாய்க்குள் இருந்த கை

உடம்பு முழுவதையும் வேலைக்கு அனுப்பிவிட்டு வலது கைக்கு மட்டும் லீவு கொடுத்திருந்த மனிதர் இந்த உலகத்தில் ஒருவர்தான். அவர் எங்கள் பிட்சர் அண்ணை. ஒக்லாந்தின் விரிப் பகுதியில் ஒரே கிடங்கில் நாங்கள் இருவரும் வேலை செய்தோம். அண்ணை ஃபோர்க்லிப்ட் ஓட்டுவார். இடது கை ஸ்டியரிங்கில் இருக்கும். வலது கை தோள்வரை துவாயால் சுற்றப்பட்டிருக்கும். லீவரைத் தட்டுவதற்கு இரண்டு விரல்கள் மட்டும் வெளியே எட்டிப் பார்க்கும்.

முதல் நாள் மரியாதையாகக் கை நீட்டினேன். அவர் இடது கையைத் தந்தார்.

"குறை நினைக்காதையும் தம்பி. அந்தக் கை கொன்ட்ராக்டில இருக்கு."

கதை இதுதான். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடக் கிரிக்கெட்டில், முழங்கையை மடக்கி எறிகிறார் என்று நடுவர் அவரை நிறுத்திவிட்டார். ஒக்லாந்து வந்து தமிழ் ஆட்கள் ஆடும் கிரிக்கெட்டில் சேர்ந்தார். அங்கும் அதே குற்றச்சாட்டு. வெறுத்துப்போய் ஒருநாள் கிடங்கின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக் குப்பைத்தொட்டிக்குள் ஓர் அப்பிளை எறிந்திருக்கிறார். அதைப் பார்த்த மேலாளருக்கு வாய் மூடவில்லை. சம்பளம் கொடுத்து பேஸ்போல் ஆட இந்த நாட்டில் அப்போதுதான் ஆள் சேர்க்கத் தொடங்கியிருந்தார்கள். மேலாளரே அண்ணையை அங்கே கூட்டிக்கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டார். அந்த ஆட்டத்தில் பந்து எறிகிறவருக்குப் பெயர் பிட்சர். முழங்கை மடிந்தால் யாரும் ஏனென்று கேட்கமாட்டார்கள். கிரிக்கெட்டில் குற்றமாக இருந்தது இங்கே உத்தியோகமாகிவிட்டது.

அண்ணை ஒரு பருவம் எறிந்தார். பெரும்பாலும் ஆடாமல் ஓரத்து வாங்கில்தான் உட்கார்ந்திருந்தார் என்று பொறாமைக்காரர்கள் சொல்வார்கள். பிறகு அந்த அணி கலைந்தது. பயிற்சியாளர் முதுகில் தட்டி, "திரும்பத் தொடங்கினால் கூப்பிடுகிறோம்" என்றார். இந்த ஊரில் ஒரு தரமாவது வேலைக்கு விண்ணப்பித்தவர்களுக்கு இந்த வசனம் நன்றாகத் தெரியும்; அதைக் கேட்டவுடன் வேறு வேலை தேடத் தொடங்கிவிடுவார்கள். அண்ணை மட்டும் நம்பிவிட்டார். அழைப்பு வரும்வரை கை கெட்டுப்போகக் கூடாது என்று துவாயைச் சுற்றிக்கொண்டார்.

அதனால் வந்த வில்லங்கங்கள் கொஞ்சமல்ல. கோயிலில் ஐயர் திருநீறு தந்தால் இடது கையில் வாங்க முடியாது, வலதை எடுக்க மனம் வராது. கழுத்தை நீட்டி நெற்றியைக் கொடுப்பார். ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளைக்கு இடது கையால் அன்பளிப்புக் கொடுத்து, அந்தக் குடும்பமே இவரோடு கதைக்காமல் விட்டுவிட்டது. எனக்கே எரிச்சல் வரும்.

"அண்ணை, அவங்கள் கூப்பிடமாட்டாங்கள். அந்தத் துவாயைக் கழட்டுங்கோ."

"இந்தத் தோளில இனி மிஞ்சிப்போனால் ரெண்டொரு எறிதான் இருக்கு எண்டு பிசியோ சொன்னவ. கூப்பிடுற நேரம் கை இல்லாமல் போய் நிக்கச் சொல்லுறீரோ?"

நானும் மனைவியும் வாடகை வீடுகளாக மாறி மாறிக் கடைசியில் மோர்ட்கேஜ் கடன் எடுத்து, கிளென் ஈடனில் ஒரு வீடு வாங்கினோம். குடிபுகும் நாளன்று வாசலில் சிதறு தேங்காய் அடிக்கும்படி ஐயர் சொன்னார். ஓங்கி அடித்தேன். தேங்காய் உடையவில்லை. துள்ளி, சரிவான டிரைவ்வேயில் உருண்டு, பக்கத்து வீட்டுக் காருக்குக் கீழே போய்ப் படுத்துக்கொண்டது. எடுத்துவந்து திரும்ப அடித்தேன். திரும்பவும் காருக்குக் கீழே போனது. யாழ்ப்பாணத்திலிருந்து வீடியோவில் பார்த்துக்கொண்டிருந்த மாமி, "சகுனம் வடிவாயில்லைப் பிள்ளை" என்றார். அவ்வளவுதான், என் மனைவி அழத் தொடங்கிவிட்டாள்.

"எனக்கு இந்த வீடு வேண்டாமப்பா."

பின்வரிசையில் நின்ற அண்ணை முன்னுக்கு வந்தார்.

"தங்கச்சி, அழாதேங்கோ" என்றபடி துவாயை அவிழ்த்து என் தோளில் போட்டார்.

"அண்ணை, கொன்ட்ராக்ட்!"

"தேங்காயைத் தாரும்."

ஐயர் மணியை நிறுத்திவிட்டுச் சுவரோடு ஒதுங்கினார். அண்ணை வேட்டியை மடித்துக் கட்டினார். தேங்காயை நெஞ்சோடு அணைத்து இடது முழங்காலை நாடிவரை தூக்கினார். எறிந்ததை நான் காணவில்லை, வெடித்த சத்தத்தைத்தான் கேட்டேன். சில்லுகளைப் பிறகு கூரையோரத் தண்ணீர்ப் பீலிக்குள்ளிருந்து பொறுக்கினோம். பக்கத்து வீட்டுக்காரர் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்துக் கைதட்டினார். அழுத கண்ணோடு மனைவி சிரித்தாள்.

அண்ணை தோளைப் பிடித்தபடி படியில் உட்கார்ந்துவிட்டார்.

"கை என்ன மாதிரி அண்ணை?"

"அது முடிஞ்சுது தம்பி." என் தோளில் கிடந்த துவாயை இடது கையால் எடுத்து முகத்தைத் துடைத்தார். "இனி அவங்கள் கூப்பிட்டால் நீர்தான் கதைக்கவேணும். ஆள் ரிட்டயர் ஆகிட்டார் எண்டு சொல்லும்."

"ஓம் அண்ணை" என்றேன்.

திங்கட்கிழமை துவாயில்லாமல் வேலைக்கு வந்தார். என்னைக் கண்டதும் வலது கையை நீட்டப் பார்த்தார். அது பாதிவழிகூட எழவில்லை. குனிந்து பிடித்துக்கொண்டேன்.

இப்போது அண்ணை ஒனிஹங்காவில் மகளோடு இருக்கிறார். எங்கள் வாசற்படியில் தேங்காய் பட்ட இடத்தில் சிமெந்து பெயர்ந்து ஒரு சின்னக் குழி உண்டு. வருகிறவர்கள் எல்லாரும் பூசச் சொல்கிறார்கள். மனைவி விடுவதாயில்லை. அண்ணையின் கடைசி எறி எங்கள் வீட்டில் விழுந்த இடம் அதுதானே.