ரிஜெக்ட் அக்கா படகில் ஏறிய கதை

பெங்களூரு பொம்மனஹள்ளி மீன்காரர்கள் பயப்படுகிற விஷயங்கள் இந்த உலகத்தில் இரண்டே இரண்டுதான். ஒன்று, ஐஸ் தீர்ந்துபோவது. இன்னொன்று, ரிஜெக்ட் அக்கா தெருமுனையில் திரும்புவது. இரண்டில் எது தேவலை என்று கேட்டால், ஐஸ் தீர்ந்தால்கூடப் பரவாயில்லை என்பார்கள்.

அக்காவின் நிஜப் பெயர் அவர் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டைக்கு மட்டும்தான் தெரியும். ஓசூர் ரோட்டை ஒட்டிய ஒரு கார்மென்ட்ஸ் ஃபேக்டரியில் அவர் செக்கர். தைத்து முடித்த சட்டை கடைசியாக அவர் மேஜைக்குத்தான் வரும். குறை இருக்கும் இடத்தில் சின்னதாக ஒரு சிவப்பு அம்பு ஸ்டிக்கரை ஒட்டுவார். "ரிஜெக்ட்!" என்பார். அந்தக் குரலுக்கு வரிசையில் இருக்கிற தையல் மிஷின்கள் எல்லாம் ஒரு நொடி நின்றுவிட்டுத்தான் மறுபடி ஓடும். நான் பக்கத்தில் பேக்கிங் செக்‌ஷனில் சூப்பர்வைசர். அக்கா பாஸ் செய்ததை மடித்துப் பெட்டியில் வைப்பது எங்கள் வேலை. பல நாள் எங்களுக்கு வேலையே இருக்காது.

சட்டையோடு நின்றிருந்தால் பரவாயில்லை. அந்த ஸ்டிக்கர் கேன்டீன் உப்புமா வரை வந்தது. புது மேனேஜரின் பிறந்தநாள் கேக்கில் அவர் பெயரில் ஒரு எழுத்து கோணலாக இருந்தது என்று அதன்மேலும் ஒட்டினார். கேக் வெட்டுகிற கத்தியோடு மேனேஜர் அப்படியே நின்றார்.

இதற்கெல்லாம் சிகரம் மஞ்சுளாவின் மாப்பிள்ளை. மஞ்சுளா எங்கள் தையல் வரிசைப் பெண், துமகூருப் பக்கம், கன்னடக்காரி. எங்களோடு பேசிப் பேசியே தமிழ் கற்றவள். அவளைப் பெண் பார்க்க வந்தபோது துணைக்கு அக்காவும் போயிருந்தார். மாப்பிள்ளை காபி டம்ளரை எடுக்கக் குனிந்தார். அக்கா எழுந்து நின்றுவிட்டார்.

"காலர்ல ஊசி தாண்டி ஒரு தையல் உட்டுப்போயிருக்குது. போட்டுக்குற சட்டையையே பாத்துக்காதவன், உன்னை இன்னாடி பாத்துக்குவான்? ரிஜெக்ட்!"

வீடே ரணகளமானது. அந்த ஆளுக்கு ஏற்கெனவே ஒரு மனைவி உண்டு என்பது அடுத்த மாதம்தான் வெளியே வந்தது. அதற்குப் பிறகு மஞ்சுளா ஒரு கர்ச்சீப் வாங்குவதென்றாலும் அக்காவிடம் கேட்டுத்தான் வாங்கினாள்.

இப்படிப்பட்டவர் ஞாயிற்றுக்கிழமை மீன் கடைக்குப் போனால் எப்படி இருக்கும்? செவுளைத் தூக்குவார், கண்ணை அழுத்துவார், வாலைப் பிடித்து ஆட்டுவார். "இன்னா பாய், இதைக் கடல்ல புடிச்சியா, மியூசியத்துல இருந்து எடுத்தாந்தியா?" என்பார். அதோடு விடாமல், சுற்றி நிற்பவர்களுக்கு எந்த மாதத்தில் எந்தக் காற்று, எந்தக் காற்றுக்கு எந்த மீன், அலையில் படகு எப்படி ஆடும் என்று பாடமே நடத்துவார். கோலார் தங்கவயலில் சுரங்கத் தொழிலாளி வீட்டில் பிறந்தவருக்குக் கடல் எப்படி இத்தனை அத்துப்படி என்று நாங்கள் யாரும் கேட்டதில்லை. கேட்கிற தைரியமும் இல்லை.

ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் மஞ்சுளா போனில் ஒரு வீடியோ காட்டினாள். சிதம்பரத்துக்குக் கிழக்கே ஒரு சின்ன ஊர். கடலோரச் சதுப்பில் அடர்ந்த காடு, காட்டுக்குள் வாய்க்கால் வாய்க்காலாகத் தண்ணீர், அதில் துடுப்புப் படகு. படகைவிட்டு இறங்கினால் அங்கேயே பிடித்த நண்டும் இறாலும் சமைத்துப் போடுகிறார்கள். "ஹோகோணா அக்கா? போலாமா?" என்றாள்.

"நான் இல்லாம நீங்க போனீங்கன்னா, நத்தையை நண்டுன்னு சொல்லி உங்க தலையில கட்டிடுவாங்க" என்றார் அக்கா. அவ்வளவுதான், அக்கா தலைமையில் பயணம் முடிவாகிவிட்டது.

மூன்று வாரம் சாப்பாட்டு நேரமெல்லாம் வகுப்பு. படகில் யார் எங்கே உட்கார வேண்டும், தலை சுற்றினால் எலுமிச்சையை எப்படி முகர வேண்டும், திமிங்கலம் வந்தால் என்ன செய்ய வேண்டும் என்பது வரை. வாய்க்காலில் திமிங்கலம் வராது என்று நான் சொன்னேன். "வந்துட்டா?" என்றார்.

ஒரு சனிக்கிழமை விடிகாலையில் அக்கா, மஞ்சுளா, நான், தையல் வரிசையிலிருந்து இன்னும் இருவர் என ஐந்து பெண்கள் ஒரு வேனில் கிளம்பினோம். அக்காவின் பையில் கயிறு, டார்ச், ஒரு டஜன் எலுமிச்சை, இஞ்சி மரப்பா, ஊசி நூல் டப்பா. அன்று சிதம்பரத்தில் தங்கி, மறுநாள் காலை எட்டு மணிக்கெல்லாம் படகுத்துறையில் நின்றோம்.

எங்கள் படகோட்டிக்கு நாற்பது வயதிருக்கும், சிரித்த முகம். ஆளுக்கொரு ஆரஞ்சு மிதவைச் சட்டை கொடுத்தார். கொடுத்ததுதான் அவர் செய்த தப்பு. அக்கா அதை வெயிலில் தூக்கிப் பிடித்தார், உள்பக்கம் வெளிப்பக்கம் திருப்பினார், பட்டையை இரண்டு கையாலும் இழுத்தார்.

"இந்த மூலையில ஒரு தையல் கூடப் போட்டிருக்கணும். ரிஜெக்ட்."

"யக்கா, பத்து வருசமா படகு உடுறேன். ஒருத்தர்கூட உழுந்ததில்ல."

"சும்னே இருப்பா. இன்னிக்கு உழுந்தா?"

அங்கேயே ஒரு கல்லில் உட்கார்ந்து ஊசியில் நூல் கோத்தார். ஐந்து சட்டைக்கும் மூலைக்கு மூலை தைத்தார். பிறகு படகோட்டி போட்டிருந்த சட்டையையும் கழற்றச் சொல்லி அதன் பொத்தானை இறுக்கித் தைத்தார். பக்கத்துப் படகுக்காரர்கள் தங்கள் சட்டைகளையும் எடுத்துக்கொண்டு வந்து வரிசையில் நின்றுவிட்டார்கள். முக்கால் மணி நேரம் அந்தத் துறையிலிருந்து ஒரு படகும் நகரவில்லை.

எல்லாம் முடிந்து நாங்கள் நால்வரும் படகில் ஏறினோம். அக்கா ஏறவில்லை. துறையின் விளிம்பில் நின்று தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீங்க போய்ட்டு வாங்கடி. நான் இங்க பையைப் பாத்துக்குறேன்."

பை அவர் தோளில்தான் தொங்கியது. நான் இறங்கி அருகே போனேன். அவர் கை சில்லென்றிருந்தது.

"எனக்கு நீச்சல் தெரியாது" என்றார், எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி. "படகுல ஏறினதில்ல. கடலையே பாத்ததில்லடி."

"அப்ப இத்தனை நாள் சொன்னதெல்லாம்?"

"ரேடியோல கேட்டது. எங்க ஊருக்கு மீனு வந்து சேர்றதுக்குள்ள அது செத்து நாலு நாளு ஆயிருக்கும். கெட்ட மீனு எப்படி இருக்கும்னு எனக்கு அத்துப்படி. நல்ல மீனு எப்படி இருக்கும்னு இன்னி வரைக்கும் தெரியாது."

எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். "நீங்க வராட்டி நானும் போகல அக்கா" என்று அந்தக் கல்லிலேயே உட்கார்ந்துவிட்டேன். அதைப் பார்த்து மஞ்சுளாவும் படகைவிட்டு எழுந்தாள். மற்ற இருவரும் எழுந்தார்கள். படகோட்டி தலையில் கை வைத்துக்கொண்டார்.

அக்கா எங்களை ஒவ்வொருவராக முறைத்தார். "லூசுங்களா" என்றார். கண்ணை மூடிக்கொண்டு, என் கழுத்தை நெரிக்காத குறையாகப் பிடித்துக்கொண்டு, படகில் காலை வைத்தார்.

முதல் பத்து நிமிடம் அவர் கண்ணைத் திறக்கவே இல்லை. படகு அகலமான நீரைக் கடந்து காட்டுக்குள் நுழைந்தது. இரண்டு பக்கமும் மரங்கள் வேர்களை ஊன்றிக்கொண்டு தண்ணீரிலேயே நின்றன. மேலே கிளைகள் கூடிக் கூரை மாதிரி மூடிக்கொண்டன. வெயில் பொட்டுப் பொட்டாக விழுந்தது. வேர்களில் சிவப்பு நண்டுகள் ஏறி இறங்கின. வெள்ளைக் கொக்கு ஒன்று எங்கள் தலைக்கு மேலே பறந்தது. நாங்கள் நால்வரும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி கத்தினோம்.

"இன்னாடி? இன்னா அது? சொல்லுங்கடி!" என்று கண்ணை மூடியபடியே அக்கா கேட்டுக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் தொப்பென்று ஒரு சத்தம். தண்ணீரிலிருந்து துள்ளிய ஒரு மீன் நேராக அக்காவின் மடியில் வந்து விழுந்தது.

அக்கா போட்ட கூச்சலில் மரத்தில் இருந்த பறவைகள் எல்லாம் கிளம்பிவிட்டன. கண் திறந்துவிட்டது. முழங்கை நீள மடவை மீன், வெள்ளியாக மின்னிக்கொண்டு மடியில் துள்ளுகிறது. பழக்க தோஷம், அக்காவின் விரல் தானாகச் செவுளைத் தூக்கியது. உள்ளே ரத்தச் சிவப்பு. விரலுக்கடியில் செவுள் மூடித் திறந்தது. கண் கண்ணாடி மாதிரி அவரையே பார்த்தது. அக்கா வாயைத் திறந்தார். "ரிஜெக்ட்" வரவில்லை.

அடுத்த நொடி அதைத் தூக்கித் தண்ணீரில் போட்டுவிட்டார்.

"யக்கா! கொழம்புக்கு ஆவும்க்கா அது!" என்று படகோட்டி அலறினார்.

"உசுரோட கீதுப்பா!" என்று அவரைவிடச் சத்தமாக அக்கா அலறினார். "மூச்சு உடுது! பாத்தியா நீ? மூச்சு உடுது!"

மீன் போன பக்கம் பார்க்க எல்லோரும் ஒரே ஓரமாகச் சாய்ந்தோம். படகு ஒருக்களித்து, சுழன்று, இரண்டு வேர்களுக்கு நடுவே போய்ச் சொருகிக்கொண்டது. படகோட்டி கழியால் தள்ளிப் பார்த்தார். அசையவில்லை.

"தண்ணி வத்துற நேரம். இப்ப எடுக்கலன்னா சாயங்காலம் வரைக்கும் இங்கதான்" என்று சொல்லி, தண்ணீரில் குதித்தார்.

"அய்யோ, பேடா! வேண்டாம்!" என்று மஞ்சுளா கண்ணைப் பொத்திக்கொண்டாள். படகோட்டி மூழ்கவில்லை. தண்ணீர் அவர் இடுப்பு வரைதான் வந்தது.

அக்கா எட்டிப் பார்த்தார். "இவ்ளோதானா?"

"இந்த எடத்துல இவ்ளோதான்க்கா."

"இதுக்கா நான் நேத்து ராத்திரி முழுக்கத் தூங்காம கெடந்தேன்?"

நாங்கள் பிடிப்பதற்குள் புடவையைத் தூக்கிச் சொருகிக்கொண்டு அக்கா இறங்கிவிட்டார். சேற்றில் கால் புதைந்து ஒரு செருப்பு அங்கேயே போனது. அதைப் பற்றி அவர் கவலைப்படவில்லை. படகின் பின்பக்கம் தோளைக் கொடுத்து, "ஏய், நீங்க நாலு பேரும் அந்தப் பக்கம் நவுருங்க! மூச்சுக் காட்டாதீங்க! தள்ளுப்பா! ஒண்ணு, ரெண்டு..." என்று ஃபேக்டரிக் குரலில் கத்தினார். அந்தக் குரலுக்குப் படகும் பயந்திருக்க வேண்டும். சளக்கென்று நழுவி வந்துவிட்டது.

மேலே ஏற மனமில்லாமல் அக்கா அந்த இடுப்பளவு நீரிலேயே நின்று, கையால் தண்ணீரை அள்ளி அள்ளி எங்கள்மேல் அடித்தார். ஐம்பத்தாறு வயதுப் பெண்மணி! மறுபடி படகில் ஏறியிருந்த படகோட்டி சிரித்த சிரிப்பில் துடுப்பையே நழுவவிட்டார்.

கரைக்கு வந்தபோது எல்லோருக்கும் பசி. கீற்றுக் கொட்டகையில் ஓர் அம்மா விறகடுப்பில் சமைத்துக்கொண்டிருந்தார். நண்டு மசாலா, இறால் தொக்கு, மடவை வறுவல். பார்வையிலேயே தெரிந்தது, அவரும் லேசுப்பட்டவர் இல்லை. இலையில் ஒரு நண்டை வைத்துவிட்டு, இடுப்பில் கை வைத்து அக்காவின் எதிரே நின்றார். நாங்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டோம்.

அக்கா நண்டை உடைத்தார். சாப்பிட்டார். இன்னொன்று. அதற்கப்புறம் இறால். வறுவலில் முள்ளைத் தவிர ஒன்றையும் விடவில்லை.

"எப்பிடி இருக்குன்னு சொல்ல மாட்டியா?" என்றார் சமையல் அம்மா.

"உப்பு ஒரு கல்லு தூக்கல்" என்றார் அக்கா.

"அப்ப எலைய எடுத்துடறேன்" என்று அந்த அம்மா குனிந்தார். அக்கா இரண்டு கையாலும் இலையை அமுக்கிப் பிடித்துக்கொண்டார். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். முதலில் சிரித்தது யார் என்று எனக்கு இன்றும் தெரியாது. அடுத்த ஐந்து நிமிடத்தில் அக்கா அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, அந்த அம்மாவின் தோளைத் தட்டித் தட்டி, மடியில் மீன் விழுந்த கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். அதற்குள் மீன் ஒன்றரை மடங்கு நீளமாகியிருந்தது.

மத்தியானம் பெங்களூருக்கு வேன் கிளம்பியது. ஒற்றைச் செருப்போடு என் பக்கத்தில் உட்கார்ந்த அக்கா, விழுப்புரம் தாண்டுவதற்குள் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டார். தலைமுடியில் சேறு, கையில் நண்டு வாசனை, கூடவே ஒரு குறட்டை. கிருஷ்ணகிரி வருகிற வரைக்கும் என் கை மரத்துப்போய்க் கிடந்தது. நான் அதை அசைக்கவே இல்லை.